குழந்தைகளின் பங்கைத் தனியே பிரித்துக் கேளுங்கள்

ஏற்காட்டிலிருந்து ஒரு சகோதரி கேட்டிருக்கிறார். கணவரைப் பிரிந்து 2 வருடம் ஆகிறது. மகளுக்கு 10 வயது, மகனுக்கு 6. தனக்கும் பிள்ளைகளுக்கும் ஜீவனாம்சம் கேட்டுக் குடும்ப நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு 16 மாதம், 13 வாய்தா முடிந்துவிட்டது. ஒரு ரூபாய் கைக்கு வரவில்லை. கணவர் செவ்வாய்ப்பேட்டைப் பக்கம் கொலுசுப் பட்டறை வைத்திருக்கிறார். ஆனால் பட்டறை அம்மாவுடையது என்றும், தான் அங்கே 400 ரூபாய் தினக்கூலி என்றும் கவுன்டரில், அதாவது தன் பதில் மனுவில், எழுதிக் கொடுத்திருக்கிறார். மனைவி தானாக வீட்டை விட்டுப் போனவர், நடத்தை சரியில்லாதவர் என்றும் எழுதியிருக்கிறார். "கோர்ட்டுக்குக் காலவரம்பே கிடையாதா? ஒவ்வொரு வாய்தாவுக்கும் எனக்கு ஒரு நாள் எஸ்டேட் கூலி போகிறது" என்பது கேள்வி. கடைசி வரியில், ஜூனில் பள்ளிக்கூடத்துக்குப் பணம் கட்ட வேண்டும் என்று இருக்கிறது. எனக்கு அந்த வரிதான் உண்மையான கேள்வியாகப் படுகிறது. வழக்கு எப்போது முடியும் என்பதைவிட, முடிவதற்கு முன்பே பிள்ளைகளுக்குப் பணம் வர வழி உண்டா என்றுதான் அவர் கேட்கிறார் என்று எடுத்துக்கொண்டு பதில் சொல்கிறேன்.

நான் சேலத்தில் 22 ஆண்டுகளாக வழக்கறிஞர். இதில் பாதிக்கு மேல் குடும்ப வழக்குகள். உங்கள் வழக்குக் கட்டை நான் பார்க்கவில்லை, உங்கள் வக்கீல் பார்த்திருக்கிறார். அதனால் நான் சொல்வதை அவரிடம் கேட்க வேண்டிய கேள்விகளாக எடுத்துக்கொள்ளுங்கள். அவரோடு சண்டை போட இதைப் பயன்படுத்த வேண்டாம்.

முதலில் காலவரம்பு. உண்டு. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆவது பிரிவில் 2001-இல் ஒரு திருத்தம் வந்தது. வழக்கு நடக்கும்போதே இடைக்கால ஜீவனாம்சம் கேட்கலாம், அந்த மனுவை எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் சார்பான, அதாவது போய்ச் சேர்ந்த நாளிலிருந்து கூடுமானவரை 60 நாளுக்குள் முடிக்க வேண்டும் என்கிறது அது. 2024 ஜூலை 1 முதல் பழைய சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது, 125 அங்கே 144 ஆகியிருக்கிறது. எண் மாறியதால் பயப்பட வேண்டாம், 60 நாள் அங்கேயும் அப்படியே இருக்கிறது. ஆனால் அந்தக் "கூடுமானவரை" என்ற ஒரு சொல்லில்தான் உங்கள் 16 மாதமும் போயிருக்கிறது. 60 நாள் தாண்டினால் மனு தானாக அனுமதிக்கப்பட்டதாக ஆகிவிடாது. அதை ஞாபகப்படுத்தி உத்தரவு கேட்க ஆள் வேண்டும்.

2020 நவம்பர் 4-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் இதை இன்னும் இறுக்கியது. இரண்டு தரப்பும் சொத்து, வருமானம், கடன் எல்லாவற்றையும் ஒரு பிரமாண வாக்குமூலமாகத் தாக்கல் செய்ய வேண்டும். எதிர்த்தரப்புக்கு அதிகபட்சம் 4 வாரம். அதற்காக இரண்டு வாய்தாவுக்கு மேல் கேட்டு, வேண்டுமென்றே இழுப்பதாகத் தெரிந்தால் அவருடைய எதிர்வாதத்தையே நீக்க நீதிமன்றம் யோசிக்கலாம். வாக்குமூலங்கள் வந்தபின் 4 முதல் 6 மாதத்துக்குள் இடைக்கால மனுவை முடிக்க முயல வேண்டும். இன்னொன்றும் அந்தத் தீர்ப்பில் இருக்கிறது, உங்களுக்கு அதுதான் முக்கியம்: ஜீவனாம்சம் மனு போட்ட தேதியிலிருந்து கொடுக்கப்பட வேண்டும். அதாவது 16 மாதம் ஓடியதால் அந்த 16 மாதப் பணம் அழிந்துவிடவில்லை, பாக்கியாக ஏறிக்கொண்டே இருக்கிறது. எதிர்த்தரப்பு இழுப்பதே "தீர்ப்பு வரும் நாளிலிருந்து கொடுத்தால் போதும்" என்ற நம்பிக்கையில்தான். அந்த நம்பிக்கைக்கு இப்போது இடமில்லை என்று அவருக்குத் தெரிந்தாலே பாதி வேகம் வந்துவிடும்.

இனி என் மனதில் உள்ளதைச் சொல்கிறேன். இந்த வழக்குகளில் தாமதத்துக்கு நோட்டீஸ், கவுன்சலிங், நீதிபதி மாறுதல், வக்கீல்கள் பணிப் புறக்கணிப்பு என்று பல காரணம் சொல்வார்கள், எல்லாம் உண்மைதான். ஆனால் நான் பார்த்தவரை பெரிய காரணம் வேறு. கணவன் மனைவி சண்டையும் பிள்ளைகளின் சாப்பாடும் ஒரே கட்டில் கட்டப்பட்டுக் கிடக்கின்றன. தானாகப் போனாளா, துரத்தினானா, நடத்தை எப்படி என்ற கேள்வியெல்லாம் மனைவியின் ஜீவனாம்சத்தைத்தான் தொடும். போதிய காரணமின்றிப் பிரிந்து வாழ்ந்தால் கிடையாது என்று சட்டம் சொல்வது மனைவிக்கு மட்டுமே. 10 வயதுப் பெண்ணுக்கும் 6 வயதுப் பையனுக்கும் அந்த விதி பொருந்தவே பொருந்தாது. அவர்கள் அப்பாவுடைய பிள்ளைகள், அவர்களுக்குத் தங்களைக் காப்பாற்றிக்கொள்ள வழியில்லை, அப்பாவுக்கு வசதி இருந்தும் பராமரிக்கவில்லை. இந்த மூன்றும் போதும். உங்கள் கணவர் கவுன்டரில் எழுதிய 8 பக்கத்தில் பிள்ளைகளைப் பற்றி எத்தனை வரி இருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள். பெரும்பாலும் இரண்டு வரி இருக்கும், அதிலும் அவர்கள் தன் பிள்ளைகள் என்பதை ஒத்துக்கொண்டிருப்பார்.

அதனால் மனுவில் 2-ஆம், 3-ஆம் மனுதாரர்களாகப் பிள்ளைகள் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அடுத்த வாய்தாவில் உங்கள் வக்கீல் ஒரு மெமோ, அதாவது சிறு எழுத்துக் குறிப்பு, போட்டு, "1-ஆம் மனுதாரர் சம்பந்தமான தகராறு அப்புறம் இருக்கட்டும், 2, 3-க்கு இடைக்கால உத்தரவு இன்றே வேண்டும்" என்று கேட்கலாம். நான் இப்படிக் கேட்டுப் பெற்றிருக்கிறேன். எல்லா நீதிபதியும் உடனே செய்வார்கள் என்று உறுதி சொல்ல மாட்டேன். "ரெண்டையும் சேர்த்தே பார்க்கலாம்" என்று சொல்பவர்களும் உண்டு. அப்போதும் கேட்டது பதிவில் இருக்கும். மேல் நீதிமன்றத்துக்குப் போகும்போது அந்தப் பதிவு பேசும்.

கணவர் கொடுமைப்படுத்தியதும் உங்கள் கதையில் இருந்தால், 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டத்தில் தனி வழி இருக்கிறது. அதில் பிள்ளைகளுக்கும் பணம் கேட்கலாம். அங்கேயும் 60 நாள் என்றுதான் சட்டம் சொல்கிறது, அங்கேயும் அது அப்படியே நடப்பதில்லை. ஒரு வழக்கில் தொகை வந்தால் இன்னொன்றில் அதைக் கழித்துக்கொள்வார்கள். அதனால் அவசியமில்லாமல் இரண்டு வழக்கு, இரண்டு வாய்தா என்று ஏற்றிக்கொள்ள வேண்டாம்.

நோட்டீஸ் விஷயத்தைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். உங்கள் முதல் 5 வாய்தா அதில்தான் போயிருக்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். திரும்பி வந்த தபால் உறையின் பின்பக்கத்தை எப்போதாவது பார்த்திருக்கிறீர்களா? தபால்காரர் பேனாவால் சின்னதாக ஒரு குறிப்பு எழுதியிருப்பார். "கதவு பூட்டியிருக்கிறது" என்றால் ஒரு கதை, "முகவரியில் இல்லை" என்றால் ஒரு கதை, "வாங்க மறுத்தார்" என்றால் முற்றிலும் வேறு கதை. மறுத்தார் என்று எழுதியிருந்தால் அது சார்பானதாகவே கருதப்படும், அன்றைக்கே அவரை எக்ஸ்பார்ட்டி ஆக்க, அதாவது அவர் இல்லாமலே வழக்கை நடத்தக் கேட்கலாம். இதைக் கவனிக்காமல் மறுபடி பேட்டா (நோட்டீஸ் அனுப்பும் கட்டணம்) கட்டி மறுபடி நோட்டீஸ் அனுப்பி 3 மாதம் தொலைத்தவர்களைப் பார்த்திருக்கிறேன். கதவு பூட்டு என்று இரண்டு முறை வந்தால் கதவில் ஒட்டச் சொல்லியோ பத்திரிகையில் விளம்பரம் செய்யச் சொல்லியோ மனு போட வேண்டும். பட்டறை முகவரியையும் வீட்டு முகவரியையும் சேர்த்தே கொடுத்திருக்க வேண்டும். பகலில் பட்டறையில் இருப்பவரை வீட்டில் போய்த் தேடினால் கதவு பூட்டித்தானே இருக்கும்? உங்களுக்கு இந்தக் கட்டம் தாண்டிவிட்டது, ஆனால் உத்தரவுப்படி பணம் வாங்கித் தரக் கேட்கும் நிறைவேற்று மனு போடும்போது இதே நோட்டீஸ் பாடு திரும்ப வரும் என்பதால் சொல்கிறேன்.

அடுத்து 400 ரூபாய் கூலிக் கதை. சேலத்தில் இது பழகிப்போன கதை. கொலுசுத் தொழிலில் கம்பி இழுப்பது ஒரு இடம், பற்றவைப்பது ஒரு இடம், மெருகு போடுவது இன்னொரு இடம் என்று வேலை வீடு வீடாகப் பிரிந்து கிடக்கிறது. கூலிச் சீட்டு என்று ஒன்று பல இடங்களில் கிடையாது. அந்த இருட்டில்தான் "நான் கூலிக்காரன்" என்ற வாதம் நிற்கிறது. உங்களால் அவர் வருமானத்தை ரூபாய் கணக்கில் நிரூபிக்க முடியாது, யாரும் அதை உங்களிடம் எதிர்பார்க்கவும் இல்லை. தனக்கு மட்டுமே தெரிந்த விஷயத்தை நிரூபிக்கும் பொறுப்பு அவருடையதே. நீங்கள் காட்ட வேண்டியது அவர் வாழும் விதத்தை. பட்டறையின் மின் இணைப்பு யார் பெயரில், வண்டி யார் பெயரில், ஜிபே எந்த எண்ணுக்குப் போகிறது, கல்யாணப் பத்திரிகையில் அவர் பெயருக்குக் கீழே என்ன போட்டிருந்தார்கள், இதெல்லாம் சாட்சியம். அவருடைய வங்கிக் கணக்கு விவரத்தை அவரே தாக்கல் செய்ய வேண்டும் என்பது அந்த 2020 தீர்ப்பின் படிவத்திலேயே இருக்கிறது. செய்யாவிட்டால் வங்கியிலிருந்து வரவழைக்க மனு போடலாம். அப்படியே 400 ரூபாய் கூலிதான் என்று வைத்துக்கொண்டாலும் அவர் தப்ப முடியாது. உடலில் தெம்புள்ள ஆண் கூலி வேலை செய்தாவது மனைவி பிள்ளைகளைக் காப்பாற்ற வேண்டும் என்று 2022-இல் அஞ்சு கர்க் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

எவ்வளவு கிடைக்கும் என்று என்னைக் கேட்காதீர்கள். மூன்றில் ஒரு பங்கு, நாலில் ஒரு பங்கு என்று ஊரில் சொல்வார்கள். பிள்ளைகளுக்கு அப்படி ஒரு கணக்கு சட்டத்தில் இல்லை. அவர் வசதி, பிள்ளைகளின் தேவை, இரண்டையும் பார்த்து நீதிபதி முடிவு செய்வது. இதில் உங்கள் கையில் இருப்பது தேவையைக் காட்டுவது மட்டும்தான், அதைப் பெரும்பாலோர் ஏனோதானோ என்று செய்கிறார்கள். "மாதம் 15,000 செலவாகிறது" என்று ஒரே வரி. சில வருடங்களுக்கு முன் தறி ஓட்டும் ஒரு அம்மா என்னிடம் வந்தார். படிப்பு 5-ஆம் வகுப்பு. மகனின் பழைய 40 பக்க நோட்டில், அவன் கணக்குப் போட்டதுபோக மீதியிருந்த பக்கங்களில், 7 மாதச் செலவை எழுதி வைத்திருந்தார். "செருப்பு 180. காய்ச்சல் ஊசி 150, மாத்திரை 62. வேன் 700 பாக்கி." எழுத்துப் பிழையோடு, தேதி போட்டு. நான் அதை ஆவணமாகக் கொடுத்தேன். நீதிபதி வாங்கி நாலைந்து பக்கம் மெதுவாகப் புரட்டினார். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து வாய்தா கேட்டார். "இந்த வேன் பாக்கியை யார் கட்டுவது?" என்று கேட்டுவிட்டு அன்றைக்கே இடைக்கால மனுவை உத்தரவுக்கு வைத்தார் நீதிபதி. ஒரு நோட்டு எப்போதும் இப்படிச் செய்யும் என்று சொல்லவில்லை. ஆனால் நீங்களும் இன்று ராத்திரியே ஒன்றை ஆரம்பிக்கலாம், அதற்கு யார் அனுமதியும் வேண்டாம்.

கவுன்சலிங், சமரசம் பற்றி. குடும்ப நீதிமன்றச் சட்டம் சேர்த்துவைக்க முயல வேண்டும் என்கிறது, அதைத் தவிர்க்க முடியாது, தவிர்க்கவும் வேண்டாம். ஆனால் "சேர்ந்து வாழத் தயார்" என்று ஒவ்வொரு வாய்தாவிலும் சொல்லி, ஒரு தடவைகூட ஏற்காடு பஸ் ஏறி பிள்ளைகளைப் பார்க்க வராதவருக்கு அது ஒரு வாய்தா வாங்கும் வழி மட்டுமே. சமரசத்தில் உட்காரும்போதே "பேச்சு நடக்கிறவரை பிள்ளைகள் செலவுக்கு மாதம் இவ்வளவு போடச் சொல்லுங்கள்" என்று கேளுங்கள். "பிள்ளையைக் காட்டினால்தான் பணம்" என்று அவர் சொன்னால், பார்க்கும் உரிமைக்குத் தனி மனு போட்டுக்கொள்ளட்டும். இரண்டும் ஒன்றுக்கொன்று விலை இல்லை. மொத்தமாக ஒரு தொகை வாங்கிக்கொண்டு பிள்ளைகளுக்கும் இனிமேல் எதுவும் கேட்க மாட்டேன் என்று எழுதிக் கொடுக்கச் சொன்னால் கையெழுத்துப் போடாதீர்கள். பிள்ளைகளின் உரிமையைத் தாய் விட்டுக்கொடுக்க முடியாது என்பதே நீதிமன்றங்களின் பொதுவான பார்வை. ஆனாலும் அப்படி ஒரு காகிதம் இருந்தால் அதை உடைக்கவே இன்னும் ஒரு வருடம் போகும்.

திடீரென்று பிள்ளைகள் தன்னுடையவர்களே இல்லை, டிஎன்ஏ சோதனை வேண்டும் என்று ஒரு மனு வரலாம். கல்யாண பந்தம் நீடிக்கும்போது பிறந்த பிள்ளை கணவருடையது என்பதே சட்டத்தின் அனுமானம். டிஎன்ஏ சோதனைக்கு வழக்கம்போல் உத்தரவிடக் கூடாது, பிள்ளையின் நலனைப் பார்க்க வேண்டும் என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் திரும்பவும் சொல்லியிருக்கிறது. கேட்டு மனம் உடைந்துபோகாதீர்கள். உங்கள் வக்கீலை ஒரே வாய்தாவில் பதில் போடச் சொல்லுங்கள்.

உத்தரவு வந்தபின்தான் பலர் ஏமாறுகிறார்கள். உத்தரவு வேறு, பணம் வேறு. அவர் கட்டாவிட்டால் நிறைவேற்று மனு போட வேண்டும். ஒவ்வொரு மாதத் தொகையும் கொடுக்க வேண்டிய நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள் மனு போட்டால்தான் அதற்கு வாரண்ட் கிடைக்கும். "ஆறு மாசம் சேரட்டும்" என்று ஆரம்பித்து இரண்டு வருடம் விட்டுவிட்டு, பாதிப் பாக்கிக்கு வாரண்ட் கேட்க முடியாமல் நின்றவர்களை நான் பார்த்திருக்கிறேன். மனு தேதியிலிருந்து கொடுக்கச் சொல்லும்போது பழைய பாக்கிக்கு அந்த ஒரு வருடத்தை எதிலிருந்து எண்ணுவது என்று வாதம் கிளப்புவார்கள். அந்த வாதத்துக்கே இடம் கொடுக்காமல் உத்தரவு நகல் வாங்கிய கையோடு மனு போட்டுவிடுங்கள். மனு நிலுவையில் இருக்கும்போது ஏறும் மாதங்களையும் அதிலேயே கேட்கலாம்.

கட்டாதவரைச் சிறைக்கு அனுப்பலாம் என்பது உண்மை. ஒரு மாதப் பாக்கிக்கு ஒரு மாதம் வரை என்று சட்டம். 12 மாதப் பாக்கிக்கு 12 மாதம் போடலாமா, ஒரு தடவைக்கு ஒரு மாதம்தானா என்பதில் நீதிமன்றங்கள் ஒரே குரலில் பேசவில்லை, இதில் யாராவது அடித்துச் சொன்னால் நம்ப வேண்டாம். சந்தேகமே இல்லாதது ஒன்று: உள்ளே போய் வந்ததால் கடன் தீராது. குல்தீப் கவுர் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் அதைச் சொல்லிவிட்டது. நடைமுறையில், வாரண்டோடு போலீஸ் வரும் நாளில்தான் பணம் பிறக்கும், அதுவும் கொஞ்சம் கட்டிவிட்டு மீதிக்கு வாய்தா கேட்பார்கள். உத்தரவு வாங்கும்போதே, பணத்தை மாதம் 5-ஆம் தேதிக்குள் உங்கள் வங்கிக் கணக்கில் நேரடியாகப் போட வேண்டும் என்று எழுதி வாங்குங்கள். நீதிமன்றத்தில் கட்டினால் அதை எடுக்க நீங்கள் இன்னொரு மனு போட்டு இன்னொரு நாள் கூலியை விட வேண்டிவரும்.

வாய்தாவுக்கு ஒரு நாள் கூலி போவதைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. 20 கொண்டை ஊசி வளைவு இறங்கி அஸ்தம்பட்டியில் பஸ்ஸை விட்டு இறங்கி, 11 மணிக்குப் பெயர் கூப்பிட்டு, "எதிர்த்தரப்பு வக்கீல் வரவில்லை, அடுத்த மாதம்" என்று ஒரு நிமிடத்தில் முடிந்து திரும்பும் முகங்களை நான் 22 வருடமாகப் பார்க்கிறேன். இதற்குப் பழகிப்போகக் கூடாது என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன். இ-கோர்ட்ஸ் செயலியில் உங்கள் வழக்கின் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணைப் போட்டால் அடுத்த தேதியும் எதற்காக என்பதும் தெரியும். கவுன்சலிங், சாட்சி விசாரணை மாதிரி நீங்கள் இருந்தே ஆக வேண்டிய நாள் எது, வக்கீல் மட்டும் போதும் என்ற நாள் எது என்று முந்தின நாளே கேட்டுவிடுங்கள். வர வேண்டிய நாளில், பிள்ளைகளுக்கு இடைக்கால உத்தரவு வரும்வரை, ஒவ்வொரு தடவையும் எதிர்த்தரப்பு வாய்தா கேட்டால் செலவுத்தொகை கட்டச் சொல்லி உங்கள் வக்கீல் கேட்க வேண்டும். 500 ரூபாயோ 1,000 ரூபாயோ, உங்கள் கூலியும் பஸ் காசுமாவது திரும்பும்.

வக்கீல் கட்டணம் சுமையாக இருந்தால், பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் ஒரு மனு எழுதிக் கொடுத்தால் போதும், 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம். ஆனால் வழக்கு நடுவில் வக்கீலை மாற்றினால் புது வக்காலத்து, கட்டைப் படிக்க ஒரு வாய்தா என்று நாள் போகும், யோசித்துச் செய்யுங்கள். மெமோ போட்டு இரண்டு மாதமாகியும் இடைக்கால மனு நகரவில்லை என்றால், குறிப்பிட்ட காலத்துக்குள் முடிக்கச் சொல்லி சென்னை உயர் நீதிமன்றத்தில் மனு போடும் வழி இருக்கிறது. இதற்குச் செலவு உண்டு என்பதால் இதை முதல் வேலையாகச் சொல்ல மாட்டேன்.

அடுத்த வாய்தாவுக்கு வரும்போது இரண்டு பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ் நகல், பள்ளியில் ஜூனில் கட்டச் சொன்ன தொகையை எழுதி வாங்கிய சீட்டு, வங்கிப் புத்தகத்தின் முதல் பக்க நகல், அந்த நோட்டு, நாலையும் ஒரு உறையில் போட்டு வக்கீலிடம் கொடுங்கள். காலை 10 மணிக்கே கொடுங்கள், பெயர் கூப்பிட்டபின் கொடுத்தால் அன்றைக்குப் பயன்படாது. நீதிபதி என்ன சொன்னார் என்பதை இங்கே எழுதுங்கள், அதைப் பார்த்து அடுத்து என்ன செய்யலாம் என்று சொல்கிறேன்.